பேசிய சொல் காற்றில் தங்குமா? ‘ஒலிக்கு அழிவில்லை’ என்ற கொள்கை பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

“ஒலிக்கு அழிவே கிடையாது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் பேசியதும் காற்றில் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது. தகுந்த கருவி ஒன்று வந்துவிட்டால் குருட்சேத்திரத்தில் கண்ணன் சொன்ன கீதையையே பதிவு செய்துவிடலாம்.” கோயில் திருவிழா மேடையிலோ பள்ளி ஆண்டு விழாவிலோ இந்தப் பேச்சைக் கேட்காதவர்கள் குறைவு. எட்டாம் வகுப்பில் நான் முதன்முதலாகக் கேட்டபோது அன்றிரவு தூக்கம் வரவில்லை. பிறகு இயற்பியல் ஆசிரியரானேன். ஒலியியல் பாடம் வரும்போதெல்லாம் மாணவர்களும் பெற்றோரும் இதே கேள்வியை வேறு வேறு உருவில் கேட்கிறார்கள். அந்தக் கேள்விகளும் என் பதில்களும் இங்கே இருக்கின்றன.

இந்தக் கொள்கையை முதலில் அறிவியல் பேச்சாக எழுதியவர் யார்?

தெளிவாக எழுதி வைத்தவர் சார்லஸ் பாபேஜ். கணினியின் முன்னோடி என்று நாம் படிக்கும் அதே ஆங்கிலேயக் கணிதவியலாளர்தான். இறைவனின் படைப்பை அறிவியல் வழியே விளக்க, பிரிட்ஜ்வாட்டர் பிரபு விட்டுச்சென்ற பணத்தில் எட்டு நூல்கள் எழுதப்பட்டன. யாரும் கேட்காமலேயே பாபேஜ் தன் பங்குக்கு 1837இல் ஒன்பதாவதாக ஒன்றை வெளியிட்டார். அதில் ஓர் அத்தியாயம் முழுவதும் நம் சொல்லும் செயலும் பூமியின் மீது பதிக்கும் அழியாத தடங்களைப் பற்றியது. காற்று ஒரு மாபெரும் நூலகம், மனிதர் பேசியதெல்லாம் அதன் பக்கங்களில் என்றென்றைக்குமாக எழுதப்பட்டிருக்கிறது என்பது அவர் வாதம்.

அவர் அதைக் கவிதைக்காகச் சொல்லவில்லை. ஒவ்வொரு விசைக்கும் சமமான எதிர்விசை உண்டு. ஒரு துகள் அசைந்தால் பக்கத்துத் துகள் அசையும், அது அடுத்ததை அசைக்கும். இருபது மணி நேரத்துக்குள் வளிமண்டலத்தின் ஒவ்வோர் அணுவும் நீங்கள் பேசிய சொல்லால் சிறிதேனும் திசை மாறியிருக்கும் என்று கணக்குப் போட்டார். பூமியின் மறுபக்கம் 20,000 கிலோமீட்டர், ஒலியின் வேகம் விநாடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர். வகுத்துப் பாருங்கள், பதினாறேகால் மணி நேரம் வருகிறது. கணக்கில் பிழையில்லை.

அவர் மனத்தில் இருந்தது நீதி. யாரும் பார்க்காத கொலைக்குக் காற்று சாட்சி. பிடிபடும் அச்சத்தில் அடிமைகளைக் கடலில் தள்ளிவிட்ட கப்பல்காரனுக்கு அந்தக் கடல் நீரே சாட்சி. இந்தப் பகுதியைப் படிக்கும்போது, கொள்கை உண்மையாக இருந்திருக்கக் கூடாதா என்று எனக்கு ஒவ்வொரு முறையும் தோன்றுகிறது.

நம் முன்னோரும் இதைத்தானே சொன்னார்கள்?

ஒரு பகுதியினர் சொன்னார்கள். வேதத்துக்கு விளக்கம் தரும் தத்துவ மரபினரான மீமாம்சகர்களுக்குச் சொல் நித்தியமானது; நாம் உச்சரிப்பது, ஏற்கெனவே இருப்பதை வெளிப்படுத்துவது மட்டுமே. தர்க்கத்தை முதன்மையாகக் கொண்ட நியாய மரபினர் இதை மறுத்தார்கள். ஒலி பிறக்கிறது, பரவுகிறது, அழிகிறது என்பது அவர்கள் நிலைப்பாடு. அது பரவும் விதத்துக்கு இரண்டு உவமைகள் வைத்திருந்தார்கள்: ஒன்று குளத்தில் விரியும் அலை, மற்றொன்று எல்லாப் பக்கமும் ஒருசேர விரியும் கடம்ப மொட்டு. மூன்று பரிமாணங்களில் பரவும் ஒலியைக் காட்ட இரண்டாவது உவமைதான் பொருத்தமானது. இன்றைக்கும் கரும்பலகையில் வட்டங்கள் வரைந்து காட்டும்போது இந்த மொட்டு என் நினைவுக்கு வரும்.

தமிழில் சமண மரபில் வந்த பவணந்தி முனிவர், எழுத்தை ‘அணுத்திரள் ஒலி’ என்று நன்னூலில் வரையறுத்தார். ஒலி ஒரு பொருள், நுண்ணிய அணுக்களின் திரட்சி என்பது சமணர் கொள்கை. ஆக, நம் மரபு ஒரே குரலில் பேசவில்லை. பல நூற்றாண்டுகள் ஊன்றி வாதாடியிருக்கிறது. மேடைகளில் ஒரு தரப்பை மட்டும் எடுத்து ‘முன்னோர் கண்ட அறிவியல்’ என்று சொல்வது, எதிர்த்து வாதாடிய மற்ற முன்னோருக்குச் செய்யும் அநீதி.

ஆற்றலை ஆக்கவும் முடியாது, அழிக்கவும் முடியாது என்று பாடப்புத்தகத்தில் இருக்கிறதே. பிறகு ஒலி மட்டும் எப்படி அழியும்?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது. கேட்கும் மாணவர் பாடத்தை உண்மையாகவே நம்பியிருக்கிறார்.

ஆற்றல் அழிவதில்லை, ஆனால் உருவம் மாறிவிடுகிறது. நீங்கள் சாதாரணமாகப் பேசும்போது ஒரு மீட்டர் தூரத்தில் காற்றழுத்தம் ஏறி இறங்கும் அளவு, வளிமண்டல அழுத்தத்தில் ஐம்பது லட்சத்தில் ஒரு பங்கு. காற்றின் ஒரு சிறு பகுதி அப்போது முன்னும் பின்னும் நகரும் தூரம், மில்லிமீட்டரைப் பத்து லட்சமாக வெட்டினால் அதில் எட்டுத் துண்டு. அந்த அசைவின் வேகம் விநாடிக்கு மில்லிமீட்டரில் இருபதில் ஒரு பங்கு. ஆனால் அதே காற்றின் மூலக்கூறுகள், யாரும் பேசாதபோதும், விநாடிக்கு ஏறத்தாழ 500 மீட்டர் வேகத்தில் திசைக்கொன்றாகப் பறந்துகொண்டிருக்கின்றன. அதைத்தான் வெப்பம் என்கிறோம். உங்கள் சொல்லைப் போல ஒரு கோடி மடங்கு வேகம்!

ஒலி என்பது அந்தக் கூட்டம் சற்று நேரம் ஒரே திசையில் சேர்ந்து சாய்வது. தேர் இழுக்கும் கூட்டம் வடத்தை விட்டதும் நாலாபுறமும் கலைவதைப் போல, அந்தச் சாய்வு கலைகிறது. பாகுத்தன்மையால், அதாவது காற்று தனக்குள்ளேயே உரசிக்கொள்வதால், இது நடப்பதை 1845இல் ஸ்டோக்ஸ் கணக்கிட்டார். வெப்பம் கடத்தப்படுவதாலும் நடப்பதை 1868இல் கிர்காஃப் சேர்த்தார். பாபேஜ் எழுதிய 1837இல் வெப்ப இயக்கவியல் பிறக்கவேயில்லை. வெப்பம் தானாகக் குளிர்ந்ததிலிருந்து சூடானதற்குப் போகாது என்ற விதியை கிளாசியஸும் கெல்வினும் 1850, 1851இல்தான் வகுத்தார்கள். எனவே அவரைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை.

உயர்ந்த சுருதிகள்தான் முதலில் கலையும். ஒரு கிலோமீட்டர் காற்றைக் கடக்கும்போது 4,000 ஹெர்ட்ஸ் ஒலி இழப்பது, 100 ஹெர்ட்ஸ் ஒலி இழப்பதைவிட மிக மிக அதிகம். மார்கழி விடியலில் அடுத்த ஊர்க் கோயில் ஒலிபெருக்கியைக் கவனித்தால் தெரியும். பாட்டின் சொற்கள் வருவதில்லை, மேளத்தின் இடி மட்டும் வந்து சேர்கிறது. சொல்லைச் சொல்லாக்கும் மெய்யெழுத்துகள் வழியிலேயே வெப்பமாகிவிட்டன.

எவ்வளவு வெப்பம் வரும்?

மிகச் சொற்பம். சாதாரணப் பேச்சின் ஒலித்திறன் 20 மைக்ரோவாட் என்று வைத்துக்கொள்வோம். 150 மில்லி லிட்டர் காபியை 50 டிகிரி சூடாக்க ஏறத்தாழ 31,500 ஜூல் வேண்டும். பேச்சின் ஆற்றல் முழுவதையும் சிந்தாமல் அந்த டம்ளருக்குள் செலுத்தினாலும், இடைவிடாமல் ஐம்பது ஆண்டுகள் பேச வேண்டும்.

அந்த வெப்பத்திலிருந்து சொல்லைத் திரும்ப எடுக்க முடியாதா?

பாபேஜுக்கு ஒரு நியாயம் செய்தாக வேண்டிய இடம் இது. மூலக்கூறுகளின் பாதை உங்கள் பேச்சால் உண்மையிலேயே மாறிவிட்டது. அந்த அளவில் அவர் சொன்னது சரி. ஆனால் ஒரு மூலக்கூறு ஒரு விநாடியில் பல நூறு கோடி முறை மற்றவற்றோடு மோதுகிறது. வளைந்த பரப்புகள் மோதுவதால், பாதையில் உள்ள சிறிய பிழை ஒவ்வொரு மோதலிலும் நூறு மடங்குக்கு மேல் பெருகுகிறது. பத்துப் பதினைந்து மோதல்கள் போதும், தொடக்கத்தில் எவ்வளவு துல்லியமாக அளந்திருந்தாலும் கணிப்பு பொய்த்துவிடும். அதற்கு ஆகும் நேரம் ஒரு விநாடியின் கோடியில் ஒரு பங்குகூட இல்லை.

அதோடு, பாதையை மாற்றியது உங்கள் சொல் மட்டுமல்ல. இறங்கிய கொசுவும் விழுந்த இலையும் எதிர்வீட்டு மிக்சியும் அதே மூலக்கூறுகளை மாற்றிவிட்டன. நூலகத்தில் எல்லா நூல்களும் இருக்கின்றன என்றே வைத்துக்கொள்ளலாம். ஆனால் ஒவ்வொரு நூலின் ஒவ்வோர் எழுத்தும் தனித்தனியாக வெட்டப்பட்டு, ஒரே குவியலாகக் கலக்கப்பட்டிருக்கிறது. எந்த எழுத்து எந்த நூலுடையது என்ற குறிப்பும் இல்லை. அங்கே படிப்பதற்கு எதுவும் இல்லை.

அதிகபட்சம் எவ்வளவு நேரம் ஓர் ஒலி நிலைக்கும்?

சோபாவும் திரைச்சீலையும் உள்ள வீட்டு அறையில், ஒலியின் ஆற்றல் பத்து லட்சத்தில் ஒரு பங்காகக் குறைய அரை விநாடி அளவே ஆகும். நம் உடம்பும் ஒலியை நன்றாக விழுங்கும். ஹார்வர்டில் பேச்சே புரியாத ஒரு விரிவுரை அரங்கைச் சரிசெய்ய 1895இல் பணிக்கப்பட்ட வாலஸ் சபீன், பக்கத்து அரங்கிலிருந்து இருக்கை மெத்தைகளை இரவோடிரவாகத் தூக்கிவந்து அடுக்கி, ஒவ்வொரு முறையும் முழக்கம் எத்தனை விநாடியில் அடங்குகிறது என்று அளந்தார். ஆளில்லாத கல்யாண மண்டபம் ஏன் அப்படி முழங்குகிறது, பந்தி நேரத்தில் அது ஏன் அடங்கிவிடுகிறது என்பதற்கான விடையும் அந்த மெத்தைகளிலிருந்துதான் கிடைத்தது.

ஸ்காட்லாந்தில் இஞ்சின்டவுன் என்ற இடத்தில் மலைக்குள் குடைந்த பழைய எண்ணெய்த் தொட்டி இருக்கிறது. அங்கே சுட்ட துப்பாக்கியின் ஒலி, 125 ஹெர்ட்ஸில் 112 விநாடிகள் நீடித்ததாக அளந்தார்கள். கடலில் இன்னும் அதிகம். 1960இல் ஆஸ்திரேலியாவின் பெர்த் அருகே நீருக்குள் வெடித்த குண்டின் ஒலியை, ஏறத்தாழ 20,000 கிலோமீட்டர் தள்ளி பெர்முடாவில் மூன்றரை மணி நேரத்துக்கும் பிறகு கேட்டார்கள். ஆழ்கடலில் ஓர் அடுக்கு ஒலியை மேலேயும் கீழேயும் சிதறவிடாமல் கால்வாய்போல் நடத்திச் செல்கிறது.

காற்றில் நடந்தவற்றில் பெரியது இந்தோனேசியாவின் கிராகடோவா. 1883 ஆகஸ்ட் 27இல் வெடித்த அந்த எரிமலையின் சத்தம் 4,800 கிலோமீட்டர் தொலைவில் இந்தியப் பெருங்கடலின் ரோட்ரிக்ஸ் தீவில் பீரங்கி முழக்கம்போல் கேட்டது. காதுக்கு எட்டாத அழுத்த அலை பூமியைப் பலமுறை சுற்றியது. ஐந்து நாட்கள் வரை உலகின் காற்றழுத்தமானிகளில் அந்த மேடுபள்ளம் தெரிந்தது. 2022 ஜனவரி 15இல் டோங்காவின் எரிமலை வெடித்தபோதும் இப்படி நடந்தது. பூமியையே சுற்றிய அந்த அலைகளுக்கும் சில நாட்கள்தான் ஆயுள். நம் பேச்சு எங்கே நிற்கும்?

கோயில் கல்லில் மந்திர ஒலி தங்கியிருக்கிறது என்கிறார்களே?

திருநெல்வேலி நெல்லையப்பர் கோயிலிலும் மதுரையிலும் சுசீந்திரத்திலும் உள்ள இசைத்தூண்களை வைத்து இந்தப் பேச்சு வருகிறது. ஒரே கருங்கல்லிலிருந்து பெரிய தூணும் அதைச் சுற்றிச் சிறு தூண்களும் செதுக்கப்பட்டுள்ளன. தட்டினால் ஒவ்வொன்றும் தன் நீளத்துக்கும் பருமனுக்கும் ஏற்ற சுரத்தைத் தருகிறது. செதுக்கும்போதே காதை வைத்துத் தேய்த்திருக்க வேண்டும். அந்தக் கைகளை நினைத்தால் எனக்கு உடல் சிலிர்க்கும். ஆனால் தட்டிய சுரம் சில நொடிகளில் அடங்கிவிடுகிறது. கல் அதிர்ந்துவிட்டு மீண்டும் பழைய இடத்துக்கே வருகிறது. அப்படித் திரும்பி வருவதால்தான் அது பாடவே முடிகிறது. நல்ல இசைக்கல் நல்ல நினைவுக்கல்லாக இருக்க இயலாது.

குயவர் சக்கரத்தில் பானை வனையும்போது அவர் பேசியது பானையின் கீறலில் பதிந்திருக்குமாமே?

இசைத்தட்டைப் போல என்பது யோசனை. ரிச்சர்ட் வுட்பிரிட்ஜ் என்ற அமெரிக்கர் 1969இல் ஒரு பொறியியல் இதழுக்கு எழுதிய கடிதத்தில், பானையிலிருந்து சக்கரத்தின் இரைச்சலைக் கேட்டதாகவே சொன்னார்.

அளவுகளைப் பாருங்கள். பேச்சு காற்றை அசைப்பது, முன்பு சொன்ன அந்த எட்டுத் துண்டு, அதாவது எட்டு நானோமீட்டர். களிமண்ணின் துகளே இரண்டாயிரம் நானோமீட்டர் வரை இருக்கும். மணல் மூட்டையின் மீது எறும்பு நடந்த தடத்தைத் தேடுவது போன்றது இது. சக்கரத்தின் அச்சு தடதடவென்று ஆடினால் அது பதியலாம். குயவர் பாடிய பாட்டு பதியாது. அதன் பிறகு பானை உலர்கிறது, சுருங்குகிறது, சூளையில் வேகிறது. கீழடிப் பானை ஓட்டில் கீறிய பெயரைப் படிக்க முடிகிறது. கீறியவரின் குரலைக் கேட்க முடியாது. எழுத்து எதற்காகத் தோன்றியது என்பது அந்த ஓட்டைக் கையில் எடுக்கும்போது புரிகிறது.

அப்படியானால் பழைய ஒலி எதுவுமே மீண்டும் கேட்டதில்லையா?

கேட்டது. இந்தப் பக்கத்தை நான் எழுதத் தூண்டிய நிகழ்வே அதுதான்.

பாரிஸில் எதுவார்-லியோன் ஸ்காட் தெ மார்தன்வில் என்ற அச்சுத்தொழிலாளி இருந்தார். பேச்சு தன்னைத்தானே எழுதிக்கொள்ள வேண்டும் என்பது அவர் ஆசை. காதின் செவிப்பறையைப் போல ஒரு சவ்வை இழுத்துக்கட்டினார். அதில் ஒரு பன்றிமயிரைப் பொருத்தி, விளக்குப் புகைக்கரி படிந்த தாள் அதன்கீழ் நகரும்படி செய்தார். 1857இல் காப்புரிமை வாங்கினார். திரும்ப ஒலிக்கச் செய்யும் எண்ணமே அவருக்கு இல்லை. கோடுகளைக் கண்ணால் படிக்கலாம் என்று நினைத்தார். எடிசனின் ஒலிப்பதிவுக் கருவி வர இன்னும் இருபது ஆண்டுகள் இருந்தன.

1860 ஏப்ரல் 9இல் அவர் ஒரு பிரெஞ்சு நாட்டுப்பாடலின் சில அடிகளைப் பாடிப் பதித்தார். 2008இல் ஆய்வாளர்கள் அந்தத் தாளின் நெளிவுகளைக் கணினியில் ஏற்றி ஒலிக்கச் செய்தார்கள். 148 ஆண்டுகளுக்குப் பிறகு பத்து விநாடி மனிதக் குரல். முதலில் ஒரு பெண்ணோ சிறுமியோ பாடுவதாக எல்லோரும் எண்ணினார்கள். நேரத்தை அளக்க அவர் பக்கத்திலேயே எப்போதும் ஒரே வேகத்தில் அதிரும் ஓர் இசைக்கவையின் அதிர்வையும் பதித்திருந்தார். அதன் அதிர்வெண்ணை இரண்டு மடங்காகப் படித்துவிட்டார்கள். திருத்திப் பாதி வேகத்தில் ஓட்டியபோது, மெதுவாக, கவனமாகப் பாடும் ஓர் ஆணின் குரல் வந்தது. அது அவரே பாடியது.

அவர் அறையின் காற்றும் சுவரும் அந்தப் பாட்டை மறந்துவிட்டன. ஒலி தங்க வேண்டுமானால், அது நடந்துகொண்டிருக்கும் கணத்திலேயே ஏதோ ஒன்று அசைந்து, அசைந்தபடியே நின்றுவிட வேண்டும். அங்கே நின்றது கரி.

சிப்ஸ் பொட்டலத்தைப் படம்பிடித்துப் பேச்சைக் கேட்டார்கள் என்பது உண்மையா?

உண்மை. அமெரிக்காவின் எம்.ஐ.டி. பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2014இல் செய்தார்கள். ஒலி புகாத கண்ணாடிக்கு வெளியே அதிவேகக் கேமராவை வைத்து, பொட்டலத்தின் நுண்ணிய நடுக்கத்திலிருந்து பேச்சைப் பிரித்தெடுத்தார்கள். ஆனால் பேசும்போதே படம்பிடித்தாக வேண்டும். பேசி முடித்த பிறகு பொட்டலத்தில் ஒன்றும் இல்லை.

நல்ல சொல் சொன்னால் நீர் அழகாக உறையும், பாட்டுக் கேட்டால் செடி வளரும் என்பதெல்லாம்?

நீரைப் பற்றிய கதையை விட்டுவிடலாம். பனிப்படிகத்தின் உருவத்தை வெப்பநிலையும் ஈரப்பதமும் எப்படித் தீர்மானிக்கின்றன என்பதை ஜப்பானின் நகாயா உகிச்சிரோ 1930களிலேயே ஆய்வகத்தில் படிகங்களை வளர்த்துக் காட்டிவிட்டார். சொல்லுக்கு அங்கே வேலையில்லை.

செடி வேறு. சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் தாவரவியல் பேராசிரியர் டி.சி.என். சிங் கர்நாடக இசையைச் செடிகளுக்குக் கேட்கச் செய்து வெளியிட்ட முடிவுகள் உலகம் முழுவதும் பேசப்பட்டன. இசை, ராகம் என்று பேசும்போது கட்டுப்பாடான சோதனை கடினம். ஆனால் மிசூரி பல்கலைக்கழகத்தில் 2014இல் நடந்த சோதனை எனக்கு உறுதியாகப் படுகிறது. கம்பளிப்புழு இலையைத் தின்னும் அதிர்வை மட்டும் பதிவுசெய்து, புழுவே இல்லாமல் செடிக்குக் கொடுத்தார்கள். பின்னர் உண்மையான புழு வந்தபோது அந்தச் செடிகள் கூடுதலாகக் கசப்பு வேதிப்பொருளைச் சுரந்தன. செடிக்கு ராகம் எதற்கு? தன்னைத் தின்னும் பல்லின் ஓசை அதற்குத் தெரிந்தால் போதும்.

என்றென்றைக்குமாகத் தடம் பதித்த ஒலி ஒன்றுகூட இல்லையா?

ஒன்று இருக்கிறது. பிரபஞ்சம் பிறந்து முதல் 3,80,000 ஆண்டுகள் அது ஒளியும் பொருளும் பிரியாத கொதிக்கும் குழம்பாக இருந்தது. அந்தக் குழம்பில் அழுத்த அலைகள் ஓடின. அவை ஒலி அலைகளேதான், வேகம் மட்டும் ஒளியின் வேகத்தில் பாதிக்கும் மேல். பிறகு குழம்பு ஆறியது, அணுக்கள் உருவாயின, ஒளி தனியாகக் கிளம்பிவிட்டது. அலையைத் தள்ளிக்கொண்டிருந்த அழுத்தம் சட்டென்று இல்லாமல் போனது. ஓடிய அலை ஓடிய இடத்திலேயே நின்றது.

அந்த வளையங்கள் பிரபஞ்சத்தோடு சேர்ந்து விரிந்தன. இன்று விண்மீன் மண்டலங்களின் இடைவெளிகளை எண்ணினால், ஏறத்தாழ 50 கோடி ஒளியாண்டு தூரத்தில் எதிர்பார்ப்பதைவிடச் சற்று அதிகமான ஜோடிகள் கிடைக்கின்றன. 2005இல் இரண்டு குழுக்கள் இதைக் கண்டறிந்து அறிவித்தன. ஸ்காட்டின் கரித்தாளில் நடந்ததுதான் அங்கேயும் நடந்தது: ஊடகம் சரியான கணத்தில் உறைந்துவிட்டது. பாபேஜ் இதை அறிந்திருந்தால் எப்படி மகிழ்ந்திருப்பார்!

அம்மா இறந்து பன்னிரண்டு ஆண்டுகள் ஆகின்றன. அவர் குரல் அந்த வீட்டுச் சுவரில் எங்கேனும் இருக்குமா?

முன்னாள் மாணவி ஒருத்தி கேட்டது. சுவரில் அந்தக் குரல் இல்லை. இருக்கிறது என்று சொல்ல எனக்கும் ஆசைதான். ஆனால் அவர் பாடிய கேசட் ஒன்று உங்கள் வீட்டில் இருப்பதாகச் சொன்னீர்கள். அதில் இருக்கிறது.

கேசட்டில் குரல் நிற்பதும் அதே வழியில்தான். விநாடிக்கு 4.76 சென்டிமீட்டர் வேகத்தில் ஓடும் நாடாவில், காந்தத் துகள்கள் அந்தந்தக் கணத்தின் காந்தப்புலத்துக்கு ஏற்பத் திரும்பி, திரும்பியபடியே நின்றுவிட்டன. ஆனால் நம் ஊர் ஈரத்தில் அது காலத்துக்கும் நிற்காது. நாடாவில் வெள்ளையாகப் பூஞ்சை தெரிந்தால் ஓட்டிப் பார்க்காதீர்கள், அனுபவமுள்ளவரிடம் கொடுங்கள். பூஞ்சை இல்லாவிட்டால் முதலில் கேசட்டின் மேல் விளிம்பில் உள்ள இரண்டு சிறு பிளாஸ்டிக் தகடுகளை உடைத்துவிடுங்கள். தவறி ரெக்கார்டு பொத்தானை அழுத்தினாலும் பதிவு அழியாது. கேசட் கருவியில் நாடா உரசிச் செல்லும் ‘ஹெட்’ பகுதியை ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடையுங்கள். கணினியில் சுருக்காத கோப்பாகப் பதியுங்கள். இரண்டு வேறு இடங்களில் வையுங்கள். நாடா அறுந்திருந்தால் அதற்கென உள்ள ஒட்டுநாடாவால் இணைக்கலாம். சாதாரண செல்லோடேப் வேண்டாம், அதன் பசை கசிந்து அடுத்த சுற்றோடு ஒட்டிக்கொள்ளும்.

பாட்டு முடிந்ததும் பதிவை நிறுத்திவிடாதீர்கள். பக்கம் முழுவதும் ஓடட்டும். வீட்டில் எடுத்த கேசட்டுகளில் பாட்டுக்குப் பிறகுதான் பெரும்பாலும் இருமலும், பாத்திரம் நகர்த்தும் ஓசையும், “போதுமா, அணைச்சிடவா?” என்று கேட்கும் குரலும் இருக்கும்.